கோல்ட்சிஹரைப் படிக்கலாமா கூடாதா? ‘ஓரியண்டலிஸ்ட்’ என்று சொல்லிவிட்டால் விஷயம் முடிந்துவிட்டதா?

நூலகப்பூனை | சனி, இரவு 9.12

எங்கள் வாசிப்புக் குழுவில் போன வாரம் ஒரு தகராறு. நபிகள் நாயகத்தின் சொல், செயல்களைச் சொல்லும் ஹதீஸ்கள் எப்படித் தொகுக்கப்பட்டன என்று பேச்சு வந்தபோது நான் இக்னாஸ் கோல்ட்சிஹர் பெயரைச் சொன்னேன், அவ்வளவுதான். “அந்த ஆள் ஓரியண்டலிஸ்ட், கிழக்கைப் பற்றி எழுதுகிற மேற்கத்திய ஆராய்ச்சிக்காரர். இவர்கள் வண்டவாளத்தையெல்லாம் எட்வர்ட் செய்த் 1978லேயே தண்டவாளத்தில் ஏற்றிவிட்டார், இன்னும் அவர்களைத் தூக்கிக்கொண்டு திரிகிறீர்களா” என்று ஒருவர் பிடித்துக்கொண்டார். அதற்குப் பிறகு கோல்ட்சிஹர் என்ன எழுதினார் என்று யாருமே பேசவில்லை. யார் ஓரியண்டலிஸ்ட், யார் இல்லை என்பதிலேயே கூட்டம் முடிந்துபோனது.

செய்தின் ‘ஓரியண்டலிசம்’ புத்தகத்தை நானும் படித்திருக்கிறேன். பிரிட்டன், பிரான்ஸ், கடைசியில் அமெரிக்கா, இந்த மூன்றும்தான் அதில் பிரதானம். ஜெர்மன் மொழி அறிஞர்களை விட்டுவிட்டதாக அவரே முன்னுரையில் சொல்லிவிடுகிறார். கோல்ட்சிஹர் ஹங்கேரி நாட்டு யூதர், முக்கியமான நூல்களை ஜெர்மனில் எழுதியவர். ஹங்கேரிக்கு எந்த அரபு நாடு காலனியாக இருந்தது? அவரையும் அதே கூண்டில் ஏற்றுவது நியாயமா? செய்த் சொன்னது எதுவரை சரி? தெரிந்தவர்கள் கொஞ்சம் விரிவாகச் சொல்லுங்கள்.


பழுப்புத்தாள் | சனி, இரவு 10.40

நல்ல கேள்வி, ஆனால் உங்கள் நண்பரை ஒரேயடியாகத் தள்ளிவிட முடியாது. அவருக்கு அந்தக் கோபம் சும்மா வரவில்லை.

எர்னெஸ்ட் ரெனானை எடுத்துக்கொள்ளுங்கள். பிரான்ஸின் பெரிய செமிட்டிக் மொழி (அரபு, ஹீப்ரு போன்றவை) அறிஞர். 1883 மார்ச்சில் பாரிஸ் சோர்போனில் ‘இஸ்லாமும் அறிவியலும்’ என்று உரையாற்றுகிறார். முஸ்லிமின் தலையைச் சுற்றி ஒரு இரும்பு வளையம் இருக்கிறது, அது அறிவியலை உள்ளே விடாது என்கிறார். சரி, அப்படியானால் பாக்தாதிலும் கொர்தோவாவிலும் நடந்ததெல்லாம் என்ன? அதற்கும் பதில் வைத்திருக்கிறார்: அதைச் செய்தவர்கள் பாரசீகர்கள், கிறிஸ்தவர்கள், யூதர்கள், ஸ்பானியர்கள், அரபு மொழியில் எழுதினார்கள் என்பதைத் தவிர அதில் அரபு எதுவும் இல்லை. எந்தப் பக்கம் போனாலும் தப்பிக்க முடியாதபடி வாதம். அறிவியல் இல்லாவிட்டால் இஸ்லாம் காரணம், இருந்தால் இஸ்லாம் காரணமில்லை! இதைச் சொன்னவர் ஏதோ தெருமுனைப் பேச்சாளர் இல்லை, அந்த நாட்டு அறிவுலகத்தின் உச்சியில் இருந்தவர். 1881ல் துனிசியாவை பிரான்ஸ் எடுத்துக்கொண்டது, 1882ல் எகிப்தை பிரிட்டன் எடுத்துக்கொண்டது. அதற்கு அடுத்த வருடம் இந்தப் பேச்சு. செய்த் கேட்டது இதைத்தான். தனித்தனியாக யார் பொய் சொன்னார்கள் என்பது அவருக்கு முக்கியமில்லை. ஒரு நாட்டைப் பிடிப்பதும் அந்த நாட்டு மக்களைப் பற்றி ‘இவர்கள் இப்படித்தான்’ என்று எழுதுவதும் எப்படி ஒன்றையொன்று தாங்கிப் பிடித்தன என்பதுதான் அவர் கேள்வி.

ஆனால் கோல்ட்சிஹர் விஷயத்தில் நீங்கள் கேட்பதிலும் நியாயம் உண்டு. செமிட்டிக் இனத்தாருக்குப் புராணக் கற்பனையே கிடையாது என்று ரெனான் எழுதியதை எதிர்த்து 1876ல் ஒரு புத்தகமே போட்டவர் அவர். அதற்கு முன்பே 1874ல் கெய்ரோவின் இஸ்லாமியக் கல்வி நிலையமான அல்-அஸ்ஹரில் அனுமதி வாங்கி, அங்கே ஷேக்குகள் முன்னால் உட்கார்ந்து பாடம் கேட்டார். ஒரு வெள்ளிக்கிழமைத் தொழுகையில் ஆயிரக்கணக்கானவர்களோடு சேர்ந்து நெற்றியைத் தரையில் வைத்ததைப் பற்றி அவருடைய நாட்குறிப்பில் எழுதியிருப்பதைப் படித்தால் ஆச்சரியமாக இருக்கும், அவ்வளவு பக்தியோடு வாழ்க்கையில் தான் என்றும் இருந்ததில்லை என்கிறார். மதம் மாறவில்லை, கடைசிவரை யூதர்தான். ஊருக்குத் திரும்பியபின் பல்கலைக்கழகத்தில் சம்பளத்தோடு பேராசிரியர் பதவி கிடைக்கவில்லை, புடாபெஸ்ட் யூத சமூகத்தின் செயலாளராகச் சுமார் 30 வருடம் கணக்கு வழக்கு பார்த்துக்கொண்டு இரவில் ஆராய்ச்சி செய்தார். இவருக்கும் ரெனானுக்கும் ஒரே முத்திரை என்றால் அந்த முத்திரையால் என்ன பிரயோஜனம்?


கரிசல்காட்டான் | சனி, இரவு 11.05

இதெல்லாம் சுற்றி வளைக்கிற வேலை சார். அமெரிக்கப் பேராசிரியர் ஹண்டிங்டன் 1993ல் ஒரே கட்டுரையில் சொல்லிவிட்டுப் போய்விட்டார், இனிமேல் சண்டை நாகரிகங்களுக்கு நடுவில்தான், இஸ்லாத்தின் எல்லைகள் ரத்த எல்லைகள் என்று. எட்டு வருடத்தில் இரட்டைக் கோபுரம் விழுந்தது. செய்த் முஸ்லிம், அதனால் அவர் ஆட்களுக்கு வக்காலத்து வாங்கினார். இதில் பெரிய தத்துவம் என்ன இருக்கிறது?


சலீமா_கே | ஞாயிறு, காலை 7.30

கரிசல், முதலில் ஒன்று. செய்த் முஸ்லிம் இல்லை. ஜெருசலேமில் பிறந்த பாலஸ்தீனக் கிறிஸ்தவர், ஆங்கிலிக்கன் சபை. மதநம்பிக்கை இல்லாதவர் என்று தன்னைப் பற்றி வெளிப்படையாகவே சொல்லிக்கொண்டவர். கொலம்பியா பல்கலைக்கழகத்தில் ஆங்கில இலக்கியம் நடத்தியவர். இஸ்லாமுக்கு வக்காலத்து வாங்குவதாகத் தன் புத்தகத்தை எடுத்துக்கொண்டவர்களிடம் ‘நான் அதைச் செய்யவில்லை’ என்று 1994ல் பின்னுரை வேறு எழுதவேண்டி வந்தது அவருக்கு.

அடுத்து ஹண்டிங்டன். அவர் கோட்டைப் போட்டுவிட்டு அதன்மேல் நிஜமாக நடந்த போர்களை வைத்துப் பாருங்கள். 1980 முதல் 1988 வரை ஈரானும் ஈராக்கும் அடித்துக்கொண்டன, இரண்டுமே முஸ்லிம் நாடு. 1991ல் ஈராக்கை அடிக்கப் போன அமெரிக்கக் கூட்டணியில் சவூதி இருந்தது, எகிப்து இருந்தது, சிரியாகூட இருந்தது. கராபாக் சண்டையில் ஷியா அஸர்பைஜானுக்கும் கிறிஸ்தவ அர்மீனியாவுக்கும் நடுவில் ஷியா ஈரான் யாரோடு எல்லையைத் திறந்து வியாபாரம் செய்தது? அர்மீனியாவோடு. பொஸ்னியாவிலும் கொசோவோவிலும் நேட்டோ குண்டு போட்டது முஸ்லிம்கள் மேல் இல்லை, செர்பியப் படைகள் மேல். இதையெல்லாம் விதிவிலக்கு என்று ஒதுக்கிக்கொண்டே போனால் மிச்சம் இருக்கிற விதி எவ்வளவு?

இரட்டைக் கோபுரத்தைச் சொன்னீர்கள். உகாண்டா நாட்டு அறிஞர் மஹ்மூத் மம்தானி அதைப் பற்றித்தான் 2004ல் எழுதினார். எண்பதுகளில் ஆப்கானிஸ்தானில் சோவியத்துக்கு எதிராக ஆயுதமும் பணமும் கொடுத்து உலகெங்கிலும் இருந்து ஆட்கள் வந்து சேர வழி செய்தது யார்? சிஐஏவும் பாகிஸ்தான் உளவுத்துறையும் சவூதிப் பணமும். அந்த வரலாற்றைத் தூக்கிவிட்டு, ஏழாம் நூற்றாண்டு வேதத்தில் காரணம் தேடுவதற்குப் பெயர் அறிவா? அரசியலுக்கு விடை மதத்தில் இருக்கிறது என்று தொடங்கிவிட்டால் அப்புறம் எந்த அரசும் எதற்கும் பதில் சொல்லவேண்டியதில்லை. அவர் ஆதங்கம் அதுதான்.

ஹண்டிங்டன் அரசியல் விஞ்ஞானி. இஸ்லாமிய வரலாறு அவருடைய துறையே இல்லை. ‘நாகரிகங்களின் மோதல்’ என்ற சொற்றொடரைக்கூட வரலாற்றாசிரியர் பெர்னார்ட் லூயிஸ் 1990லேயே பயன்படுத்திவிட்டார்.


எதிர்க்கட்சி | ஞாயிறு, காலை 9.50

லூயிஸ் பெயர் வந்ததும் நான் கையைத் தூக்கவேண்டியிருக்கிறது. இங்கே ஆள் இல்லாத மனிதராக அவரை விட்டுவிடக்கூடாது.

ஈராக் போர் சமயத்தில் துணை அதிபர் செனி போன்றவர்கள் அவரைக் கூப்பிட்டு ஆலோசனை கேட்டார்கள், அவரும் போனார், அது அவர் கணக்கில் கிடக்கட்டும், நான் மறைக்கவில்லை. ஆனால் 1950 வாக்கில் இஸ்தான்புல் ஒட்டோமான் ஆவணக் காப்பகத்துக்குள் அனுமதிக்கப்பட்ட முதல் மேற்கத்திய அறிஞர்களில் அவரும் ஒருவர். அங்கே உட்கார்ந்து வரிப் பதிவேடுகளைப் படித்தவர். 1961ல் நவீன துருக்கி பற்றி அவர் எழுதிய நூல் இன்றும் துருக்கியிலேயே மதிக்கப்படுகிறது. அந்த மொழியைக் கற்று, அந்தக் கையெழுத்தைப் படிக்கப் பழகி, அந்தத் தூசியில் வருடக்கணக்கில் கிடந்தவரையும் விமானத்தில் வரும்போது ஒரு கட்டுரை எழுதுகிறவரையும் ஒரே தட்டில் வைப்பது எனக்கு ஒப்பவில்லை.

1982ல் நியூயார்க் ரிவ்யூ ஆஃப் புக்ஸில் லூயிஸ் செய்துக்கு எழுதிய பதிலைப் படித்தவர்கள் எத்தனை பேர்? கிரேக்க தேசபக்தர்கள் சிலர் கிளம்பி, பண்டைய கிரேக்கத்தைப் படிக்கும் வெளிநாட்டு அறிஞர்கள் எல்லாரும் கிரேக்கத்துக்கு எதிரிகள், இனி நாங்கள்தான் படிப்போம் என்று சொன்னால் எப்படியிருக்கும் என்று ஆரம்பிக்கிறார். கிண்டல்தான், ஆனால் கேள்வி நியாயமான கேள்வி. ஜெர்மானியர்களை விட்டுவிட்டுக் கீழைத்தேயவியலைப் பற்றி, அதாவது ஓரியண்டலிசத்தைப் பற்றி எழுதுவது எப்படி என்றும் கேட்டார். 2006ல் ராபர்ட் இர்வின் இதையே முழுப் புத்தகமாக எழுதினார், பதினாறாம் நூற்றாண்டிலிருந்து ஒவ்வொரு அறிஞராக எடுத்துவைத்து, இவர்களில் பாதிப் பேர் சாம்ராஜ்யத்துக்கு எந்த உபயோகமும் இல்லாத கிறுக்கர்கள் என்று. அதில் இருக்கும் வாழ்க்கைக் குறிப்புகளுக்காகவே படிக்கலாம்.

நம்மூர்க்காரர்களுக்கு இது புரியவேண்டும். எல்லிஸ் கலெக்டர், கால்டுவெல் பிஷப், போப் பாதிரியார். தென்னிந்திய மொழிகள் தனிக் குடும்பம் என்று எல்லிஸ் 1816ல் எழுதியதையும், கால்டுவெல் 1856ல் ஒப்பிலக்கணம் போட்டதையும் கம்பெனிச் சதி என்று தூக்கி எறிய யார் தயார்? கையைத் தூக்குங்கள் பார்க்கலாம்.


சலீமா_கே | ஞாயிறு, காலை 11.15

யாரும் தூக்கி எறியச் சொல்லவில்லை எதிர்க்கட்சி அண்ணே, கால்டுவெல் சாணார்களைப் பற்றி 1849ல் தாழ்வாக எழுதியதையும் சேர்த்துப் படியுங்கள் என்றுதான் சொல்கிறோம். அந்தச் சமூகத்தார் அதை எதிர்த்து எவ்வளவு மனு போட்டார்கள், எவ்வளவு கொதித்தார்கள் என்பது உங்களுக்கே தெரியும். ஒரே ஆள், ஒரே பேனா. இலக்கணம் நிற்கிறது, அது நிற்கவில்லை.

லூயிஸுக்கு செய்த் எழுதிய மறுப்பும் அதே ஆண்டு ஆகஸ்டில் அதே பத்திரிகையில் வந்தது. அவர் பிடித்தது ஒரே இடத்தை: இவர் தன்னை அரசியல் இல்லாத அறிஞராகக் காட்டிக்கொள்கிறார், அதே கையோடு அரசியல் தீர்ப்பும் எழுதுகிறார். ஒட்டோமான் வரிப்பதிவேட்டில் சம்பாதித்த மரியாதையை 1990ல் முஸ்லிம்களின் கோபத்துக்கு வேர் எங்கே என்று கட்டுரை எழுதும்போது செலவழிக்கிறார். பதிவேடு சரிதான். அந்தக் கட்டுரைக்குப் பதிவேட்டில் ஆதாரம் எங்கே?


நூலகப்பூனை | ஞாயிறு, பிற்பகல் 2.20

நான் எதிர்பார்த்ததைவிடச் சூடாகிவிட்டது! பழுப்புத்தாள், ரெனானுக்கு அந்தக் காலத்திலேயே யாராவது முஸ்லிம் பதில் சொன்னார்களா? இல்லை, நூறு வருடம் கழித்து செய்த் வந்துதான் சொல்லவேண்டியிருந்ததா?


பழுப்புத்தாள் | ஞாயிறு, மாலை 4.05

சொன்னார்கள். அது பெரிய கதை, கொஞ்சம் பொறுமையாகப் படியுங்கள்.

ரெனான் பேசியபோது முஸ்லிம் சீர்திருத்தச் சிந்தனையாளர் ஜமாலுத்தீன் ஆப்கானி பாரிஸில்தான் இருந்தார். இருவருக்கும் நேரில் பழக்கமும் உண்டு. மே 18ம் தேதி, ரெனானின் உரை வந்த அதே ஜூர்னல் தே தெபா பத்திரிகையில் ஆப்கானியின் பதில் வருகிறது. இன முத்திரையை அழகாக உடைக்கிறார். அரேபியாவில் பிறக்காததால் ஸ்பெயினின் தத்துவஞானி இப்னு ருஷ்து அரபு இல்லையென்றால், மஸாரினும் நெப்போலியனும் பிரெஞ்சுக்காரர்கள் இல்லை என்று சொல்வீர்களா என்கிறார். ஒருவர் இத்தாலியில் பிறந்தவர், இன்னொருவர் கார்சிகா. பாரிஸ் வாசகனுக்கு இதைவிட நறுக்கென்று சொல்ல முடியாது.

ஆனால் அதே கட்டுரையில், இஸ்லாம் அறிவியலை நசுக்கப் பார்த்தது உண்மைதான் என்று ஒப்புக்கொள்கிறார்! எல்லா மதங்களும் அப்படித்தான், கிறிஸ்தவமும் செய்தது, உங்களுக்கு எங்களைவிடப் பல நூற்றாண்டு முன்னால் தொடங்கும் வாய்ப்புக் கிடைத்தது, எங்களுக்கும் அவகாசம் கொடுங்கள் என்பது அவர் வாதம். இதே மனிதர் இரண்டு வருடம் முன்னால் நம் ஹைதராபாத்தில் உட்கார்ந்து, மதம் இல்லாவிட்டால் சமூகமே சிதறிவிடும் என்று பொருள்முதல்வாதிகளைக் கண்டித்துப் பாரசீகத்தில் ஒரு நூல் எழுதியவர். சர் சையது அகமது கானின் ஆட்களுக்கு எதிராக எழுதப்பட்டது அது. ஹைதராபாத்தில் ஒரு குரல், பாரிஸில் ஒரு குரல்.

ரெனான் மறுநாளே மரியாதையாகப் பதில் எழுதினார். மரியாதையைப் பாருங்கள்: இவர் ஆப்கானியர், ஆரிய உணர்வு இன்னும் உயிரோடிருக்கும் இனத்தைச் சேர்ந்தவர், அதனால்தான் இவ்வளவு தெளிவாகச் சிந்திக்கிறார் என்ற பொருளில் பாராட்டு. அதாவது எதிராளி நன்றாக வாதாடினால் அதுவும் ரெனானின் கொள்கைக்கே சாட்சி. வேடிக்கை என்னவென்றால், ஆப்கானி ஆப்கானியரே இல்லை. ஈரானில் அசதாபாத்தில் ஷியா குடும்பத்தில் பிறந்தவர், சுன்னி நாடுகளில் வேலை செய்ய அந்தப் பெயர் வசதியாக இருந்தது. நிக்கி கெடி என்ற அமெரிக்க வரலாற்றாசிரியர் ஆவணங்களை வைத்து இதையெல்லாம் நிறுவினார். ‘மேற்கத்திய’ ஆய்வாளர்தான், ஆனால் ஆப்கானியை அவரைப்போல் உன்னிப்பாகப் படித்தவர்கள் குறைவு.

கிளைமாக்ஸ் இதற்கப்புறம். பெய்ரூட்டில் இருந்த அவருடைய சீடர் முகம்மது அப்துஹு, அந்தப் பிரெஞ்சுக் கட்டுரையை அரபியில் மொழிபெயர்த்து வெளியிட ஏற்பாடு நடப்பதை அறிந்து, முதலில் சந்தோஷப்படுகிறார், கட்டுரையின் உள்ளடக்கம் தெரிந்ததும் மொழிபெயர்ப்பை நிறுத்திவிடுகிறார். ஆசிரியருக்கே கடிதம் எழுதி அதைச் சொல்லவும் செய்கிறார். ஆக பாரிஸ்காரர்கள் படித்த ஆப்கானியைக் கெய்ரோக்காரர்கள் படிக்கவில்லை.

செய்தின் சட்டகத்தில் இந்த ஆளுக்கு இடம் எங்கே? அவருடைய புத்தகத்தில் கிழக்கு பெரும்பாலும் பேசப்படுகிற பொருளாகவே இருக்கிறது, இப்படி எதிரே நின்று வாதாடி, கொஞ்சம் ஒத்துக்கொண்டு, கொஞ்சம் மறைத்து, இரண்டு கூட்டத்துக்கு இரண்டு முகம் காட்டிய ஆட்கள் அதில் சரியாகத் தெரிவதில்லை. எனக்கு அந்தப் புத்தகத்தில் இருக்கிற பெரிய குறை இதுதான்.


கரிசல்காட்டான் | ஞாயிறு, மாலை 4.31

அப்போ அவரே ஒத்துக்கொண்டார் இல்லையா, மதம் அறிவியலை நசுக்கியது என்று. நான் சொன்னதும் அதுதானே.


பழுப்புத்தாள் | ஞாயிறு, மாலை 4.44

எல்லா மதத்தையும் சேர்த்துச் சொன்னார் சார். அந்தப் பாதியை விட்டுவிட்டு மறுபாதியை மட்டும் எடுத்தால் ரெனானுக்கு நீங்கள் சம்பளம் கேட்கலாம்.


மரைக்கார்தெரு | ஞாயிறு, இரவு 8.15

ஒரு விஷயம் யாரும் சொல்லவில்லையே என்று இருந்தேன். தமிழுக்கும் இதற்கும் நேரான தொடர்பு ஒன்று இருக்கிறது.

மதீனாவில் அப்துல்லாஹ் இப்னு சலாம் என்ற யூத அறிஞர் நபிகள் நாயகத்திடம் வரிசையாகக் கேள்விகள் கேட்டு, பதில்களில் திருப்தியாகி இஸ்லாத்தைத் தழுவியதாக ஒரு அரபு நூல் உண்டு. வானம் எதனால் ஆனது, சொர்க்கத்தில் என்ன உண்பார்கள், உலகம் எதன்மேல் நிற்கிறது என்றெல்லாம் கேள்விகள். பிரான்ஸில் இருந்த க்ளூனி கிறிஸ்தவ மடத்தின் தலைவர் பீட்டர் 1140களின் தொடக்கத்தில் ஸ்பெயினுக்குப் போய் அறிஞர்களைக் கூலிக்குப் பிடித்து இஸ்லாமிய நூல்களை லத்தீனில் கொண்டுவரச் செய்தார். குர்ஆனை ராபர்ட் என்ற ஆங்கிலேயர் 1143ல் முடித்தார். இந்தக் கேள்வி-பதில் நூலை கரிந்தியா நாட்டு ஹெர்மன் மொழிபெயர்த்தார். நோக்கத்தை பீட்டர் ஒளிக்கவில்லை, மறுப்பதற்காகத்தான் மொழிபெயர்ப்பு. 1543ல் பாசல் நகரில் இந்தத் தொகுப்பை அச்சடித்தபோது நகர சபை அச்சகக்காரரைப் பிடித்து உள்ளே போட்டது, புராட்டஸ்டண்ட் தலைவர் மார்ட்டின் லூதர் பரிந்து எழுதியபிறகுதான் புத்தகம் வெளியே வந்தது. எதிரியின் வேதத்தை அச்சடிப்பதே ஆபத்து என்று ஒரு பக்கம், அச்சடித்தால்தான் எதிரியை அம்பலப்படுத்தலாம் என்று ஒரு பக்கம்.

அதே நூல் 1572ல் தமிழுக்கு வருகிறது. வண்ணப்பரிமளப் புலவர் பாடியது, ‘ஆயிர மசலா’ (ஆயிரம் கேள்விகள்) என்று நம் வீடுகளில் பெயர். முழுதாகக் கிடைக்கிற தமிழ் இஸ்லாமிய இலக்கியங்களில் மிகப் பழையது இதுதான் என்பார்கள். மதுரையில் அரங்கேறியது. ஜாவானிய மொழியிலும் மலாயிலும் இந்த நூல் உண்டு. ரோனித் ரிச்சி என்ற ஆய்வாளர் இந்த மூன்றையும் வைத்து 2011ல் ஒரு நல்ல நூல் எழுதியிருக்கிறார். லத்தீனில் அது எதிரியைப் பற்றிய சாட்சியக் கட்டு. காயலிலும் கீழக்கரையிலும் ஜாவாவிலும் அதுதான் மார்க்கம் சொல்லிக்கொடுத்த புத்தகம், அதுவும் கடவுள் வாழ்த்து, அவையடக்கம் எல்லாம் வைத்துத் தமிழ்க் காப்பிய மரபில்.

இஸ்லாமும் மேற்கும் என்று தலைப்புப் போட்டு எழுதுகிறவர்கள், லூயிஸானாலும் செய்தானாலும், மத்திய கிழக்கோடு நின்றுவிடுகிறார்கள். உலக முஸ்லிம்களில் பெரும்பான்மையானவர்கள் அதற்குக் கிழக்கே இருக்கிறார்கள். அங்கே இஸ்லாம் பேசிக்கொண்டது மேற்கோடு இல்லை, தமிழோடும் மலாயோடும் வங்காளத்தோடும். அமெரிக்க வரலாற்றாசிரியர் மார்ஷல் ஹாட்ஜ்ஸன் ஒருவர்தான் இதைப் பிடிவாதமாகச் சொன்னார். ஐரோப்பாவைப் பெரிதாகவும் இந்தியாவையும் ஆப்பிரிக்காவையும் சிறிதாகவும் காட்டும் மெர்கேட்டர் வரைபடத்தையே நிறவெறி வரைபடம் என்று திட்டியவர். 46 வயதில் 1968ல் போய்விட்டார், மூன்று பாகமாக அவர் எழுதிய இஸ்லாமிய வரலாறு 1974ல்தான் வெளிவந்தது. நான்கு வருடம் கழித்து செய்த் புத்தகம் வந்து எல்லாக் கண்ணையும் இழுத்துக்கொண்டது.


எதிர்க்கட்சி | ஞாயிறு, இரவு 9.02

மரைக்கார்தெரு, அருமை. ஆயிர மசலா லத்தீனில் இருந்தது எனக்குப் புதுச் செய்தி. ஆனால் ஒன்று, க்ளூனி பீட்டர் செலவழிக்காவிட்டால் அந்த நூல் பன்னிரண்டாம் நூற்றாண்டில் எந்த வடிவத்தில் இருந்தது என்று நமக்குத் தெரியவே வராது. விரோதத்தில் பிறந்த அறிவும் அறிவுதான்.


சலீமா_கே | ஞாயிறு, இரவு 9.40

விரோதம் பரவாயில்லை, அது முகத்துக்கு நேரே சொல்லும். எனக்குப் பயம் பரிவைப் பார்த்தால்தான்.

பிரிட்டிஷ் அதிகாரி லார்ட் க்ரோமர் 1883லிருந்து 1907 வரை எகிப்தைக் கட்டி ஆண்டவர். 1908ல் வந்த அவருடைய புத்தகத்தில், இஸ்லாம் பெண்களை அடக்கி வைத்திருப்பதுதான் எகிப்து முன்னேறாததற்குப் பெரிய காரணம், முக்காடும் தனிமைப்படுத்துவதும் ஒழியவேண்டும் என்று உருகுகிறார். அதே க்ரோமர் எகிப்தில் பள்ளிக் கட்டணத்தை ஏற்றிப் பெண்குழந்தைகள் படிப்பதைக் கஷ்டமாக்கினார். இங்கிலாந்துக்குத் திரும்பிப் போய், பெண்களுக்கு வாக்குரிமை கூடாது என்று போராடிய ஆண்கள் சங்கத்தை நிறுவியவர்களில் ஒருவராகி, தலைவராகவும் இருந்தார்! இதை 1992ல் வெளிச்சம் போட்டுக் காட்டியவர் எகிப்திய அறிஞர் லைலா அகமது.

1958 மே மாதம் அல்ஜியர்ஸில் பிரெஞ்சு அதிகாரிகள் ஏற்பாட்டில் பொதுமேடையில் அல்ஜீரியப் பெண்களின் முக்காடு கழற்றப்பட்டது. 2001 நவம்பர் 17 அன்று அமெரிக்க அதிபரின் மனைவி லாரா புஷ் வானொலியில் ஆப்கான் பெண்களுக்காகப் பேசினார், குண்டுகள் விழ ஆரம்பித்து ஆறு வாரம் ஆகியிருந்தது. அடுத்த வருடம் லைலா அபு-லுகோத் ஒரு மானிடவியல் இதழில் ‘முஸ்லிம் பெண்களை நிஜமாகவே காப்பாற்றவேண்டுமா’ என்று கேட்டு எழுதினார். தாலிபான் நல்லவர்கள் என்று அவர் சொல்லவில்லை, தயவுசெய்து அந்தப் பக்கம் போகாதீர்கள். ஒரு பெண்ணின் துன்பத்துக்குக் காரணம் போரும் வறுமையும் என்று பேசாமல் அவள் உடையைப் பற்றியே ஏன் பேசுகிறீர்கள், அவளை எதிலிருந்து காப்பாற்றி எதற்குள் கொண்டுபோகிறீர்கள் என்று கேட்டார்.

2021 ஆகஸ்டில் அமெரிக்கா கிளம்பிப் போனபோது அந்தப் பெண்களை எந்த வானொலியில் யார் நினைத்தார்கள்?


கரிசல்காட்டான் | ஞாயிறு, இரவு 10.20

சரி அக்கா, க்ரோமர் வேஷதாரி, ஏற்றுக்கொள்கிறேன். ஆனால் எல்லாவற்றுக்கும் மேற்கையே கைகாட்டிக்கொண்டிருந்தால் உள்ளே இருக்கிற குப்பையை யார் கூட்டுவது? இந்த ஓரியண்டலிசப் பேச்சு அதற்குத் திரை போடத்தானே உதவுகிறது?


பழுப்புத்தாள் | திங்கள், காலை 6.50

கரிசல், இந்தத் தடவை நீங்கள் கேட்டது நல்ல கேள்வி, ஏனென்றால் இதே கேள்வியை 1981லேயே ஒரு சிரியாக்காரர் கேட்டுவிட்டார்.

சாதிக் ஜலால் அல்-அஸ்ம். டமாஸ்கஸ்காரர், தத்துவப் பேராசிரியர், மார்க்சியவாதி. 1967 போர்த் தோல்விக்குப் பிறகு, அமெரிக்காவையும் இஸ்ரேலையும் மட்டும் திட்டாதே, நம் மதச் சிந்தனையையும் அரசியலையும் நீயே விசாரி என்று எழுதினார். அதற்காக லெபனானில் வழக்குப் போட்டார்கள், சிறைக்கும் போனார், பின்னால் விடுதலையானார். செய்தின் நண்பராகவும் இருந்தவர். அவர் சொன்னதன் சாரம்: கிழக்கு வேறு, மேற்கு வேறு, இரண்டுக்கும் மாறாத சாரம் ஒன்று உண்டு என்பதுதான் கீழைத்தேயவியலின் நோய். இப்போது அரபு தேசியவாதிகளும் இஸ்லாமியவாதிகளும் அதே சாரத்தைத்தான் தூக்கிப் பிடிக்கிறார்கள், கழித்தல் குறி இருந்த இடத்தில் கூட்டல் குறி போட்டு. நீங்கள் பகுத்தறிவு, நாங்கள் ஆன்மிகம். இதற்கு அவர் வைத்த பெயர் தலைகீழ் ஓரியண்டலிசம். செய்தும் சில இடங்களில் மேற்கை ஹோமரிலிருந்து கார்ல் மார்க்ஸ் வரை ஒரே மனமாகப் பார்த்துவிடுகிறார் என்றும் விடாமல் சொன்னார். இரண்டு பேருக்கும் மனக்கசப்பு. இந்தியரான ஐஜாஸ் அகமதும் 1992ல் ஏறக்குறைய இதே பக்கத்திலிருந்து அடித்தார்.

பூனையின் நண்பர் ‘ஓரியண்டலிஸ்ட்’ என்று வாயை மூடவைத்தாரே, அது இந்தத் தலைகீழ் வகைதான். செய்தைப் படித்து வந்ததில்லை.

கோல்ட்சிஹருக்கு ஒரு நெருங்கிய நண்பர் இருந்தார், பல வருடம் கடிதப் போக்குவரத்து. ஸ்னூக் ஹுர்க்ரோன்யே, டச்சுக்காரர். 1885ல் அப்துல் கஃப்பார் என்ற பெயரில் மக்காவில் மாதக்கணக்கில் தங்கி, அங்கத்திய வாழ்க்கையை எழுதியவர், படமும் எடுத்தவர். அந்தக் காலத்து மக்காவை அறிய இன்றும் அவர் புத்தகம்தான். அதே ஆள் பிறகு டச்சு அரசின் ஆலோசகராகி, சுமத்ராவின் ஆச்சேயில் எதிர்த்து நின்ற உலமாக்களை (மார்க்க அறிஞர்களை) இரக்கமில்லாமல் அடியுங்கள், பரம்பரைத் தலைவர்களைக் கையில் போட்டுக்கொள்ளுங்கள் என்று எழுதிக்கொடுத்தார். அப்படியே செய்தார்கள். இருவரும் ஒரே துறை, ஒரே நூல்களைப் படித்தவர்கள், ஒருவரையொருவர் பாராட்டிக்கொண்டவர்கள். ஒருவரின் அறிவு ராணுவத்துக்குப் போனது, இன்னொருவருடையது போகவில்லை. ஸ்னூக்கை ஆச்சேவுக்காகக் கூண்டில் ஏற்றுங்கள், மக்கா பற்றி எழுதியதைச் சரிபார்த்துப் பயன்படுத்துங்கள். இரண்டு வழக்கையும் ஒன்றாக்கினால் இரண்டிலும் தீர்ப்புத் தப்பாகத்தான் வரும்.


அஸ்ஹர்_அல்லாதவன் | திங்கள், காலை 10.30

மதரஸாவில் படித்தவன் என்ற முறையில் ஒன்று சொல்கிறேன். கோல்ட்சிஹரை எங்கள் உஸ்தாதுகள் (ஆசிரியர்கள்) படிக்காதே என்று சொல்லவில்லை, மறுப்பையும் சேர்த்துப் படி என்றார்கள்.

1890ல் வந்த அவருடைய ‘முஸ்லிம் ஆய்வுகள்’ இரண்டாம் பாகத்தில், பல ஹதீஸ்கள் நபியின் காலத்தைக் காட்டுவதைவிடப் பின்னால் வந்த தலைமுறைகளின் அரசியல், மார்க்கச் சண்டைகளைக் காட்டுகின்றன என்பது வாதம். ஜோசஃப் ஷாக்ட் 1950ல் இதை இன்னும் கடுமையாக்கினார், யார் யாரிடம் கேட்டார் என்று சொல்லும் அறிவிப்பாளர் சங்கிலிகளே பின்னோக்கி வளர்க்கப்பட்டவை என்று. இதற்கு முஸ்தஃபா அல்-ஆஸமி, உத்தரப் பிரதேசம் மவூக்காரர், தேவ்பந்தில் படித்தவர், திட்டிவிட்டுப் போகவில்லை. கேம்பிரிட்ஜில் போய் உட்கார்ந்து 1966ல் முனைவர் பட்டம் வாங்கினார், ஆரம்பகாலக் கையெழுத்துப் பிரதிகளை எடுத்துவைத்து, எழுதி வைக்கும் பழக்கம் நீங்கள் சொல்வதற்கு வெகு முன்பே இருந்தது, ஒரே செய்தி தூரதூர ஊர்களில் இத்தனை பேரிடம் ஒரே மாதிரி கிடைக்கிறதே, எல்லாரும் எப்படிக் கூடிப் பேசிப் பொய் சொல்லியிருக்க முடியும் என்று கேட்டார். அதற்குப் பிறகு ஹரால்ட் மோட்ஸ்கி என்ற ஜெர்மானியர் சங்கிலியையும் வாசகத்தையும் சேர்த்து ஒப்பிட்டு, ஷாக்ட் சொன்ன காலக்கணக்கைப் பல இடங்களில் முன்னே தள்ளினார். எல்லாம் ஆஸமி சொன்னபடி ஆகிவிட்டது என்று நான் சொல்லமாட்டேன், ஆனால் 1950ல் இருந்த இடத்தில் அந்தத் துறை இன்று இல்லை.

குர்ஆன் பக்கமும் அப்படித்தான். 1977ல் லண்டனில் வான்ஸ்பரோ என்ற ஆய்வாளர், குர்ஆன் இறுதி வடிவம் பெற்றது நபிக்கு 150, 200 வருடம் கழித்து என்றார். பர்மிங்ஹாம் பல்கலைக்கழகத்தில் இரண்டு தோல் ஏடுகள், வேறொரு குர்ஆன் பிரதியோடு தவறுதலாகச் சேர்த்துக் கட்டப்பட்டுக் கிடந்தன. அல்பா ஃபெதெலி என்ற இத்தாலிய ஆய்வாளர் கையெழுத்து வித்தியாசத்தைக் கவனித்தார். கார்பன் சோதனையில் தோலின் காலம் கிபி 568க்கும் 645க்கும் நடுவில், 95.4 சதவீத உறுதியோடு என்று 2015ல் அறிவித்தார்கள். தோலின் வயதுதான் அது, மையின் வயது இல்லை, எங்கள் ஆட்கள் வாட்ஸ்அப்பில் அதை மறந்துவிடுகிறார்கள். ஆனாலும் வான்ஸ்பரோவின் காலக்கணக்குக்கு அது பெரிய அடி. அந்த ஏடுகளை 1920களில் மத்திய கிழக்கிலிருந்து வாங்கி வந்தவர் மிங்கானா, ஈராக் பக்கத்துக் கிறிஸ்தவப் பாதிரியார். பணம் கொடுத்தவர் எட்வர்ட் கேட்பரி, ஆமாம் அந்த சாக்லேட் குடும்பம்தான்.


சலீமா_கே | திங்கள், காலை 10.58

ஏடுகள் பர்மிங்ஹாமுக்குப் போனது எப்படி என்பதுதான் செய்த் கேட்டிருக்கும் கேள்வி :)


அஸ்ஹர்_அல்லாதவன் | திங்கள், காலை 11.06

கேட்கட்டும், விலை கொடுத்துத்தான் வாங்கினார்கள், விற்றவனுக்கு வேறு வழி இருந்ததா என்பது தனி விசாரணை. நூலகப்பூனை, அடுத்த கூட்டத்துக்குக் கோல்ட்சிஹரை மட்டும் தூக்கிக்கொண்டு போகாதீர்கள், ஆஸமியையும் எடுத்துப்போங்கள். இரண்டிலும் ஒரே ஹதீஸை எப்படிக் கையாளுகிறார்கள் என்று ஒரு பத்துப் பக்கம் நகல் எடுத்து எல்லார் கையிலும் கொடுங்கள். உங்கள் நண்பரையே ஆஸமி பக்கம் பேசச் சொல்லுங்கள்.


நூலகப்பூனை | திங்கள், பிற்பகல் 1.15

செய்கிறேன். ஆஸமியின் பழைய பிரதி ஒன்றை நூலகத்தில் பார்த்து வைத்திருக்கிறேன், நகல் எடுக்க விடுவார்களா என்று கேட்கவேண்டும். மரைக்கார்தெரு, ஆயிர மசலா அச்சில் எங்கே கிடைக்கும்? அந்த வானம் எதனால் ஆனது பாடல் கையில் இருந்தால் இங்கேயே தட்டச்சு செய்து போடுங்களேன்.